கை சூடாத்தான இருந்துச்சு

பெரியப்பா டீயைக் குடிக்கவில்லை. தம்ளரை இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துக்கொண்டு வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். பேரன் போய் இருபது நாள்தான் ஆகியிருந்தது. புறவழிச் சாலை, இருசக்கர வண்டி, தலையில் ஹெல்மெட் இல்லை. நான்காம் நாள் மூளைச்சாவு என்று சொன்னார்கள். குடும்பம் கூடிப் பேசி உறுப்புகளைக் கொடுக்கச் சம்மதித்தது. உறுப்பு கொடுத்தவர்களுக்கு என்று 2023 செப்டம்பரில் தமிழக முதலமைச்சர் அறிவித்தபடி அரசு மரியாதை நடந்தது. அதிகாரிகள் வந்து மாலை வைத்தார்கள். ஊர் பெருமையாகப் பேசியது. எல்லாம் பதினாறாம் நாள் வரைக்கும்தான். அன்றைக்குப் பந்தியில் யாரோ ஒருவர் சொல்லியிருக்கிறார்: நெஞ்சு துடிச்சுக்கிட்டு இருக்கும்போதே அறுத்துட்டாங்களாம்.

"தாயி, நீ மயக்க மருந்து டாக்டரு. முப்பது வருசமா அந்த ரூமுக்குள்ளதான நின்ன. கை சூடாத்தான இருந்துச்சு. நாங்க உசுரோட கொடுத்துட்டமா?"

இல்லை என்று ஒரே சொல்லில் முடித்திருக்கலாம். அந்த ஒரு சொல்லை ஆஸ்பத்திரியிலேயே அவருக்குச் சொல்லியிருப்பார்கள். இருபது நாள் கழித்தும் அது அவருக்குப் போதவில்லை என்றால், எப்படி இல்லை என்பதைச் சொல்லவேண்டிய கடன் எனக்கு இருக்கிறது. ஆறிப்போன டீயை வாங்கிச் சுடவைத்துக் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தேன்.

முதலில் இதயம். இதயம் துடிப்பதற்கு மூளையின் உத்தரவு வேண்டியதில்லை. அதன் மேல்பக்கத்தில் ஒரு சின்ன முடிச்சு இருக்கிறது. துடிப்பு அங்கிருந்துதான் கிளம்புகிறது. பயத்திலும் ஓட்டத்திலும் மூளை அதன் வேகத்தைக் கூட்டும், உறக்கத்தில் குறைக்கும், அவ்வளவுதான். இதை நான் சொல்லிக்கொண்டிருக்கும்போதே பெரியப்பா, "கெடா வெட்டுனப்பறமும் உள்ளுக்குள்ள துடிச்சுக்கிட்டுத்தான கெடக்கும்" என்றார். அந்த உவமையைச் சொல்ல எனக்கு வாய் வந்திருக்காது. அவராகவே கண்டுகொண்டார்.

மூச்சு அப்படியில்லை. ஒவ்வொரு மூச்சுக்கும் மூளையின் அடித்தண்டிலிருந்து உத்தரவு வரவேண்டும். பிடரிக்கு மேலே, கட்டைவிரல் பருமனில் இருக்கிற பகுதி அது. அது செத்தால் மூச்சு நிற்கும். மூச்சு நின்றால் சில நிமிடங்களில் இதயமும் பட்டினியால் நிற்கும். நம் தாத்தா காலம்வரை இரண்டும் ஒன்றையொட்டி ஒன்று நடந்ததால் யாருக்கும் நடுவில் இடைவெளி தெரியவில்லை. நாடி பார்த்தார்கள், மூக்கருகே கை வைத்துப் பார்த்தார்கள், போய்விட்டார் என்றார்கள். அது போதுமானதாக இருந்தது.

இடைவெளியைத் திறந்துவிட்டது செயற்கை மூச்சு. 1952இல் டென்மார்க்கின் கோபன்ஹேகன் நகரில் இளம்பிள்ளைவாதம் கொள்ளைநோயாகப் பரவியது. மூச்சுத் தசைகள் செயலிழந்த பிள்ளைகள் வரிசையாக வந்தார்கள். பியோர்ன் இப்சன் என்ற மருத்துவர், எங்கள் மயக்க மருந்துத் துறைக்காரர், கழுத்தில் துளையிட்டுக் குழாய் வைத்து, ரப்பர் பையைக் கையால் அமுக்கி மூச்சுக் கொடுக்கலாம் என்றார். அத்தனை பேருக்கும் இயந்திரம் கிடையாது. சுமார் 1,500 மருத்துவ மாணவர்கள் முறை வைத்துக்கொண்டு இரவும் பகலும் கட்டிலருகே உட்கார்ந்து பையை அமுக்கினார்கள். நான் வேலை பார்த்த தீவிர சிகிச்சைப் பிரிவுக்கும், உங்கள் பேரன் படுத்திருந்ததற்கும் அதுதான் மூலம். எத்தனையோ உயிர்களை அது மீட்டிருக்கிறது. அதே ஏற்பாடு, மூளை முழுதாகச் செத்த பிறகும் நெஞ்சை ஏற்றி இறக்கி, இதயத்துக்குப் பிராணவாயு ஊட்டி, கையைச் சூடாக வைத்திருக்கவும் செய்தது. இப்படி ஒரு நிலையை அதற்கு முன் மனிதர்கள் பார்த்ததே இல்லை.

"சரி, தலையில அடிபட்டா மூள ஏன் முழுசாச் சாகுது?"

சின்ன டப்பா நிறையக் கொண்டைக்கடலையைப் போட்டுத் தண்ணீர் ஊற்றி, இறுக மூடி வைத்தால் என்ன ஆகும் என்று கேட்டேன். கடலை ஊறிப் பெருக்கும், டப்பா பெருக்காது. மண்டையோடு அப்படிப்பட்ட டப்பா. அடிபட்ட மூளை வீங்குகிறது. உள்ளே அழுத்தம் ஏறிக்கொண்டே போகிறது. இதயம் ரத்தத்தை மேலே தள்ளுகிற அழுத்தத்தை அது தாண்டிவிட்டால், ரத்தம் தலைக்குள் நுழைய முடியாது. அடியில் முதுகுத்தண்டு இறங்குகிற ஓட்டை ஒன்றுதான் வழி. வீங்கிய மூளை அந்த வழியாகப் பிதுங்கி, மூச்சுக்கு உத்தரவு போடுகிற அடித்தண்டை நசுக்குகிறது. அதற்குப் பிறகு திரும்பி வர ஒன்றுமில்லை.

இங்கே கோமாவைப் பிரித்துச் சொல்லவேண்டும். ஊரில் எல்லோரும் குழப்பிக்கொள்வது இங்கேதான். மும்பையில் அருணா ஷான்பாக் என்ற செவிலியர் 1973இல் தாக்கப்பட்டு நினைவிழந்தார். 2015இல் இறக்கும்வரை, கிட்டத்தட்ட 42 ஆண்டுகள், அவர் வேலை பார்த்த மருத்துவமனையிலேயே செவிலியர்கள் அவரைப் பார்த்துக்கொண்டார்கள். அவருக்கு மூளைத்தண்டு வேலை செய்தது. தானாக மூச்சு விட்டார். நினைவு திரும்பாவிட்டாலும் அவர் உயிரோடு இருந்தவர். அதனால்தான் அவருடைய வழக்கில் 2011இல் உச்ச நீதிமன்றம் கருணைக்கொலை பற்றிப் பேச நேர்ந்தது. அது உயிரோடிருக்கும் ஒருவரின் சிகிச்சையை நிறுத்தலாமா என்ற கேள்வி. மூளைத்தண்டு செத்தவரிடம் அந்தக் கேள்விக்கே இடமில்லை.

அப்படியானால் எப்படிக் கண்டுபிடிக்கிறோம் என்றால், முதலில் கண்டுபிடிக்காமல் இருக்கிறோம். அதுதான் கடினமான பகுதி. உடம்பு குளிர்ந்து கிடந்தால், தூக்க மருந்தோ தசை தளர்த்தும் மருந்தோ உள்ளே மிச்சமிருந்தால், சர்க்கரையோ உப்போ தாறுமாறாக இருந்தால், ரத்த அழுத்தம் விழுந்திருந்தால், சோதனையைத் தொடங்கவே கூடாது. ஸ்கேனில் கண்ணுக்குத் தெரிகிற காரணம் இருக்கவேண்டும். ஏன் இத்தனை கெடுபிடி என்பதற்குப் பெரியப்பாவுக்கு நான் சொன்ன உதாரணம் கட்டுவிரியன்.

கட்டுவிரியன் இரவில், தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும். வலி அதிகம் இருக்காது, பல்தடம்கூடச் சரியாகத் தெரியாது. விடியும்போது வயிற்றுவலி, இமை சரிவு, பிறகு நாக்குக் குழறல், பிறகு மூச்சு. ஆஸ்பத்திரிக்கு வரும்போது கண்பாவை விரிந்து நிற்கும். வெளிச்சம் அடித்தால் சுருங்காது. கிள்ளினால் அசைவில்லை. தொண்டையில் குழாயை விட்டால் இருமல் இல்லை. பார்க்க அச்சு அசலாக மூளைச்சாவு. ஆனால் அந்த நஞ்சு கைவைத்தது நரம்பும் தசையும் சேருகிற இடத்தில் மட்டும். மூளை விழித்துக்கொண்டு இருக்கிறது! மூச்சு இயந்திரத்தில் வைத்துப் பொறுமையாகப் பார்த்துக்கொண்டால் சில நாட்களில் விரல் அசையும், எழுந்து வீட்டுக்கு நடந்து போவார்கள். இந்தியாவிலிருந்தே இப்படிப் பல மீட்சிகள் மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கின்றன. காரணம் தெரியாமல் படுத்திருக்கும் ஒருவரின் கட்டிலருகே நின்று, "இது தேறாது" என்று உரக்கச் சொல்வதை நான் என் மாணவர்களிடம் கடுமையாகத் தடுத்ததற்கு இந்தப் பாம்புதான் காரணம். அவர் அதைக் கேட்டுக்கொண்டு இருக்கலாம்.

பேரனுக்கு அந்தச் சந்தேகம் இல்லை. அடி தெரிந்தது, ஸ்கேனில் வீக்கம் தெரிந்தது. அதற்குப் பிறகுதான் சோதனை. கண்ணில் வெளிச்சம். கருவிழியில் பஞ்சுத் திரி. புருவ எலும்பின் மேல் அழுத்தி முகம் சுளிக்கிறதா என்று பார்ப்பது. காதுக்குள் ஐஸ் தண்ணீர் செலுத்துவது: உயிருள்ள மூளைத்தண்டு இருந்தால் கண்கள் அந்தப் பக்கம் மெல்ல நகரும், செத்திருந்தால் கண்ணாடி கோலிபோல நிலைத்து நிற்கும். தொண்டையில், மூச்சுக்குழாயில் குழாய் விட்டு ஓங்கரிப்பும் இருமலும் வருகிறதா என்று பார்ப்பது.

கடைசியில் மூச்சுச் சோதனை. இதைச் செய்யும்போது அந்த அறையில் யாரும் பேசமாட்டோம். முதலில் நூறு விழுக்காடு பிராணவாயு கொடுத்து ரத்தத்தை நிரப்பிவிட்டு, இயந்திரத்தைக் கழற்றிவிடுவோம். மூச்சுக்குழாய்க்குள் மெல்லிய குழாய் வழியாகப் பிராணவாயு போய்க்கொண்டே இருக்கும், அதனால் உடம்பு வாடாது. ஆனால் கரியமில வாயு வெளியே போக வழியில்லை. நிமிடத்துக்கு மூன்று புள்ளி அளவில் ஏறும். நாற்பதில் இருப்பது அறுபதைத் தாண்டும். கரியமில வாயு ஏறுவதைப் போல மூச்சைத் தூண்டுவது வேறொன்றுமில்லை. கிணற்றில் முங்கி மூச்சைப் பிடித்துப் பார்த்த யாருக்கும் அது தெரியும். மூளைத்தண்டில் துளி உயிர் இருந்தாலும் அது ஒரு மூச்சையாவது இழுத்துவிடும். நெஞ்சையும் வயிற்றையும் திறந்து வைத்துக்கொண்டு எட்டு நிமிடம், பத்து நிமிடம் பார்த்துக்கொண்டே நிற்போம். அந்தப் பத்து நிமிடத்தில் நான் எத்தனையோ முறை வேண்டிக்கொண்டிருக்கிறேன், ஒரு மூச்சு வரட்டும் என்று.

வராது. மறுபடி இயந்திரத்தை மாட்டிவிட்டு, ரத்தத்தைச் சோதித்து எழுதிக்கொள்வோம். ஆறு மணி நேரம் கழித்து அத்தனையையும் முதலிலிருந்து மறுபடி செய்வோம். 1994ஆம் ஆண்டு உறுப்பு மாற்றுச் சட்டப்படி நான்கு மருத்துவர்கள் கையெழுத்துப் போடவேண்டும். மருத்துவமனைப் பொறுப்பாளர், சிகிச்சை அளித்தவர், அங்கீகரிக்கப்பட்ட பட்டியலிலிருந்து ஒரு வல்லுநர், நரம்பியல் வல்லுநர். உறுப்பு மாற்று அறுவை செய்யும் குழுவில் இருக்கும் எவரும் அதில் கையெழுத்திட முடியாது.

பெரியப்பா இதுவரை பொறுமையாகக் கேட்டார். பிறகு, பந்தியில் உட்கார்ந்தவர் சொன்னதைத் தன் வார்த்தையில் கேட்டார்: "உறுப்பு வேணுங்கிறதுக்காகக் கண்டுபுடிச்ச சாவு இல்லையா இது?"

இந்தச் சந்தேகத்தை நான் அறியாமை என்று தள்ளமாட்டேன். சென்னை வில்லிவாக்கத்துக்கு 'கிட்னிவாக்கம்' என்றே பேர் வைத்த மாநிலம் இது. ஏழைகள் சிறுநீரகத்தை விற்ற ஊர்களை நாம் பார்த்திருக்கிறோம். சந்தேகப்பட நமக்கு உரிமை உண்டு. ஆனால் வரிசையைப் பாருங்கள். பாரிஸில் மொல்லாரே, குலோன் என்ற இரண்டு மருத்துவர்கள் 23 நோயாளிகளை வைத்து, கோமாவையும் தாண்டிய நிலை ஒன்று இருக்கிறது என்று எழுதியது 1959இல். தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் கிறிஸ்டியன் பர்னார்ட் முதன்முதலாக மனித இதயத்தை மாற்றி வைத்தது 1967 டிசம்பரில். இதயம் கேட்க ஆள் வருவதற்கு எட்டு ஆண்டு முன்பே இந்தச் சாவை மருத்துவர்கள் பார்த்துவிட்டார்கள். மறைக்காமல் இதையும் சொல்லவேண்டும்: 1968இல் ஹார்வர்டு பல்கலைக்கழகக் குழு மூளைச்சாவுக்கு அளவுகோல் வகுத்தபோது, அதற்கான காரணங்களில் ஒன்றாக உறுப்பு எடுப்பதில் இருந்த சர்ச்சையையும் சேர்த்தே எழுதியது. இரண்டும் அன்றிலிருந்து பின்னிக்கொண்டன. அதனால்தான் அவற்றைப் பிரித்து வைக்க இத்தனை கையெழுத்து.

தமிழ்நாட்டில் மூளைச்சாவுக்குப் பிறகான உறுப்பு தானத்துக்கு 2008 திருப்புமுனை. அந்த ஆண்டு அரசு ஒழுங்குமுறைகளை வகுத்தது. செப்டம்பரில் திருக்கழுக்குன்றத்தைச் சேர்ந்த மருத்துவத் தம்பதி தங்கள் மகன் ஹிதேந்திரனின் உறுப்புகளைக் கொடுத்தார்கள். அவனுடைய இதயத்தைக் கொண்டுபோக சென்னையின் போக்குவரத்தையே நிறுத்தி வழிவிட்டார்கள். பின்னால் படமாகக்கூட வந்தது. அந்தப் பெற்றோர் மருத்துவர்கள். மகனின் சாவை மருத்துவமொழியிலேயே அறிந்துகொள்ள முடிந்தவர்கள். பெரியப்பாவுக்கு அந்த மொழி இல்லை. அவருக்கு அதை அவர் மொழியில் சொல்வது எங்கள் வேலையாக இருந்தது.

இங்கே என் பிழை ஒன்றைச் சொல்லவேண்டும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு தாயிடம், "உங்க பையனுக்கு மூளை செத்துப்போச்சும்மா, மெஷின்லதான் உயிர் இருக்கு" என்று சொன்னேன். அந்தம்மா முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப உயிர் இருக்குல்ல?" என்றார். நான் என்ன செய்துவிட்டேன் என்று அப்போதுதான் விளங்கியது. அரைச்சாவு என்று ஒன்றை நான் உண்டாக்கிக் கொடுத்துவிட்டேன். அடுத்த வாக்கியத்தில் உறுப்பு தானம் பற்றிக் கேட்டபோது, உயிரோடிருக்கும் மகனைக் கேட்கிறேன் என்றுதான் அவருக்குப் பட்டது. என்மேல் மண்ணைத் தூற்றாத குறையாகத் திட்டிவிட்டுப் போனார். அவர் பக்கம்தான் நியாயம்.

அதன்பிறகு நான் 'உயிர் இருக்கு' என்ற சொல்லை அந்த இடத்தில் பயன்படுத்தியதில்லை. 'இறந்துட்டார்' என்று சொல்வேன். நெஞ்சைத் தூக்கி விடுவது இயந்திரம் என்று காட்டுவேன். விரும்பினால் மூச்சுச் சோதனையின்போது ஒருவரைக் கூட நிற்கச் சொல்வேன். பிறகு நான் விலகிவிடுவேன். அழுது முடிக்க நேரம் விட்டு, உறுப்பு பற்றிக் கேட்பவர் வேறொருவராக, ஒருங்கிணைப்பாளராக இருக்கவேண்டும். சாவைச் சொல்லும் வாயும் உறுப்பைக் கேட்கும் வாயும் ஒன்றாக இருக்கக் கூடாது என்பது என் உறுதியான எண்ணம். பெரியப்பா வீட்டாருக்கு இரண்டையும் ஒரே ஆள், ஒரே மூச்சில், வராந்தாவில் நிறுத்திச் சொல்லியிருக்கிறார். சோதனைகள் சரியாகவே நடந்திருக்கின்றன, காகிதங்களைப் பார்த்தேன். பிசகியது சொன்ன விதம்.

"வேணாம்னு சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்பாங்க?"

இதுதான் மருத்துவர்களைத் தூங்கவிடாத கேள்வி. உறுப்பு மாற்றுச் சட்டம் மூளைத்தண்டுச் சாவை மரணம் என்று வெளிப்படையாக ஏற்கிறது. 1969ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டமோ உயிரின் அடையாளங்கள் அனைத்தும் நிரந்தரமாக மறைவதுதான் இறப்பு என்கிறது. மூளை என்ற பேச்சே அதில் இல்லை. இந்த இடுக்கில் மருத்துவர் மாட்டிக்கொள்கிறார். கொடுக்கிறோம் என்று சொன்ன குடும்பத்தின் பிள்ளை இறந்துவிட்டான். கொடுக்கவில்லை என்று சொன்ன குடும்பத்தின் பிள்ளை, அதே சோதனை, அதே முடிவு, இயந்திரத்திலேயே கிடப்பான். கழற்றினால் கொலைப்பழி வருமோ என்ற பயத்தில் யாரும் கை வைக்கமாட்டார்கள். ரத்த அழுத்தம் இறங்கும். சிறுநீரைக் கட்டுப்படுத்தும் சுரப்பு மூளையிலிருந்து வராததால் லிட்டர் லிட்டராகப் போகும். உடம்பு சூடு குறையும். பெரும்பாலும் சில நாட்களில் இதயம் நின்றுவிடும். அதுவரை தனியார் ஆஸ்பத்திரியில் பில் ஏறும், அரசு ஆஸ்பத்திரியில் அந்தக் கட்டிலுக்கு வெளியே இன்னொருவர் காத்திருப்பார். கேரளம் 2020இல், உறுப்பு கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும் மூளைச்சாவு சாவுதான் என்று நெறிமுறை வகுத்தது. எனக்கு அதுவே நேர்மையாகப் படுகிறது. தானம் கொடுக்கிறாயா என்பதை வைத்து ஒருவர் செத்தாரா இல்லையா என்று முடிவாகக் கூடாது.

பெரியப்பா கடைசியாகத்தான் அதைக் கேட்டார். அறுக்கும்போது வலித்திருக்குமா என்று.

நான் அந்த அறைக்குள் நின்றிருக்கிறேன். அதனால் பார்த்ததைச் சொன்னேன். கத்தி பட்டதும் ரத்த அழுத்தம் ஏறும், நாடி வேகமாகும். சில சமயம் கைவிரல் அசையும். இயந்திரத்தைக் கழற்றும்போது கை இரண்டும் தானாக மார்புக்கு உயர்வதும் உண்டு. முதன்முறை பார்த்த செவிலியர் அலறியிருக்கிறார். அது முதுகுத்தண்டின் வேலை. முதுகுத்தண்டுக்குத் தனியாக ரத்த ஓட்டம் உண்டு, அது பிழைத்திருக்கும். சூடு பட்டால் கையை வெடுக்கென்று இழுக்கச் செய்வது அதுதான், மூளைக்குச் செய்தி போகுமுன்பே. வலி என்பதை உணர ஒருவர் வேண்டும். அந்த ஒருவர் அங்கே இல்லை. அசைவை அடக்கத் தசை தளர்த்தும் மருந்து கொடுப்போம், அழுத்தத்தைச் சீராக வைப்போம். மற்ற எல்லா அறுவையிலும் என் வேலை முடிவது நோயாளி கண் விழிக்கும்போது. இதில் மட்டும், பெருந்தமனியை அடைத்ததும் இயந்திரத்தை நிறுத்திவிட்டு வெளியே வந்துவிடவேண்டும். பழக்கத்தில் ஒருமுறை நெற்றியைத் தொட்டு, தம்பி, எந்திரி என்று சொல்லிவிட்டு அப்படியே நின்றிருக்கிறேன்.

அவர் வெகுநேரம் பேசவில்லை. டீயைக் குடித்து முடித்தார்.

"முத நாள் ராத்திரி அவன் காதுல பேசுனேன். வெள்ளக் காளையோட கன்னு நிக்குது, வந்து பாருன்னு. கேட்டிருக்குமா?"

மறுநாள் பகலில்தான் முதல் சோதனை நடந்திருக்கிறது. அதற்கு முந்தைய இரவில் மூளை எந்த நிலையில் இருந்தது என்று என்னால் சொல்ல முடியாது. தெரியாது என்றுதான் சொன்னேன். ஆறுதலுக்காக ஒன்றைச் சொல்லிவிட்டால், இதுவரை சொன்ன எதையும் அவர் நம்பவேண்டியதில்லை.

தலையை ஆட்டிக்கொண்டார். பிறகு எழுந்து சுவரில் மாட்டியிருந்த தினசரி காலண்டரிடம் போனார். "வருசத் திதி தம்பிகாரன் கொடுக்கணும். எந்த நாளக் கணக்கு வைக்க? ஆஸ்பத்திரியில வியாழக்கிழம சொன்னாங்க. அறுத்து நெஞ்சு நின்னது வெள்ளிக்கிழம விடியக்காலம்."

இரண்டாவது சோதனை முடிந்த நேரம், வியாழன் இரவு எட்டே முக்கால் என்றேன். அதுதான் அவன் போன நேரம். மறுநாள் காலை நடந்தது அவன் போன பிறகு நடந்தது.

கிழித்த தாள்களைக் கம்பியில் குத்தி வைத்திருப்பேன். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகத் தள்ளி வியாழக்கிழமைத் தாளைக் கண்டுபிடித்தார். சின்ன எழுத்தில் இருந்த திதியை என்னை வாசிக்கச் சொன்னார். தசமி, இரவு பதினொன்று வரை என்று வாசித்தேன்.

"தசமி," என்று அவரும் ஒருமுறை சொல்லிப் பார்த்துவிட்டு, தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.